ரோஜா அனுப்பாதீர்கள், அப்பா

பியோத், 1961 நவம்பர் 6

என் மகள் லியோனிக்கு,

இங்கே நான் சுகம். முழங்கால் மட்டும் சுகமில்லை. ஆனாலும் வேலைக்குக் கூப்பிட்டால் முனகிக்கொண்டே வந்துவிடுகிறது. நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா? பாரிஸ் குளிர் பொல்லாதது, கழுத்தைச் சுற்றி ஏதாவது கட்டிக்கொள். எனக்கு மண்வெட்டி எப்படியோ உனக்குத் தொண்டை அப்படி.

வியாழக்கிழமை உன் படத்துக்கு முதல் நாள் ஷூட்டிங் என்று எழுதியிருந்தாய். அந்தக் கடிதத்தை தித்தீன் காப்பிக் கடையில் எல்லாரும் கேட்கும்படி வாசித்தேன். ரோஜாத் தோட்டத்து பர்த்தெலெமி சும்மா இருப்பானா? "சினிமாவா? முகம் தெரியற வேஷமா, முதுகு தெரியற வேஷமா?" என்றான். "முகம்தான்டா! உன் ரோஜாவைப் போல முள்ளை மட்டும் காட்டறதுக்கா என் பொண்ணைப் பெத்தேன்?" என்றேன். கடையே சிரித்தது.

இன்று இரவு ரயிலில் ஒரு பெட்டி கார்னேஷன் வருகிறது. எல்லாம் செலஸ்தீன். நீ பிறந்த வருஷம் நான் இரண்டு ரகத்தைக் கலந்து எடுத்து உன் அம்மா பெயரை வைத்த அதே பூ, வெள்ளை இதழில் கருஞ்சிவப்புக் கோடு. நேரே ஸ்டூடியோ விலாசத்துக்கே போட்டிருக்கிறேன். முதல் கொத்தில் மதாம் திவேர்னே என்று அட்டை எழுதிக் கட்டியிருக்கிறேன். கதாநாயகிக்குத்தானே முதல் மரியாதை. மீதியை எல்லாருக்கும் கொடு. இன்னார் மகள் வந்திருக்கிறாள் என்று தெரியட்டும்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

உன் அப்பா,
ஒனோரே

*

பாரிஸ், 1961 நவம்பர் 20

அன்புள்ள அப்பாவுக்கு,

நான் நலமாக இருக்கிறேன். கழுத்தில் துண்டு கட்டியிருக்கிறேன், சத்தியமாக. உங்கள் முழங்காலுக்குக் கற்பூரத் தைலம் தடவச் சொல்லி அக்காவுக்கு எழுதியிருக்கிறேன்.

பூ வந்து சேர்ந்தது. ஒரு இதழ்கூடக் கசங்கவில்லை. மதாம் திவேர்னே பூவைப் பார்த்ததும் அவருக்கு வாயடைத்துப் போய்விட்டது. அன்று முழுவதும் ஸ்டூடியோவில் அதைப் பற்றித்தான் பேச்சு.

கதையில் சில மாற்றங்கள் செய்கிறார்கள், அப்பா. என் பாகம் சுருங்கிவிட்டது. அதனால் படம் வரும்போது என்னைத் தேடி ஊரையே கூட்டிக்கொண்டு பக்கத்து ஆன்தீப் சினிமாக் கொட்டகைக்குப் போகவேண்டாம். அடுத்த வேஷம் வந்ததும் எழுதுகிறேன்.

இன்னொன்று. அவ்வளவு தூரம் ரயிலில் வந்தால் பூ வாடிவிடும். வீணாகச் சிரமப்படாதீர்கள். ஏதாவது அனுப்பியே தீருவதென்றால் கொஞ்சம் ஆலிவ் அனுப்புங்கள்.

நேரத்துக்குத் தூங்குங்கள்.

உங்கள் அன்பு மகள்,
லியோனி

*

பாரிஸ், 1961 நவம்பர் 20

அன்புள்ள கிளோ அக்காவுக்கு,

நீயும் அத்தானும் சுகம்தானே? சின்னவனுக்கு இருமல் நின்றதா? அப்பாவின் முழங்காலுக்குக் கற்பூரத் தைலம் தடவிவிடு.

இந்தக் கடிதம் உனக்கு மட்டும். அப்பாவுக்கும் இன்று எழுதினேன். அதில் பாதிதான் உண்மை.

என் வேஷம் சுருங்கவில்லை, அக்கா. போயே போய்விட்டது. நாடகக் கொட்டகைகளில் ஒரு பழைய வழக்கம் உண்டு. தொடர்ந்து வைத்துக்கொள்ளப்போகும் நடிகைக்கு முதலாளி ரோஜாச் செண்டு அனுப்புவார். வெளியே அனுப்பப்போகிறவளுக்கு வரும் செண்டு கார்னேஷன். அதனால் எங்கள் தொழிலில் கார்னேஷன் என்றாலே அபசகுனம். நடிப்புப் பள்ளியில் கேட்டபோது இதெல்லாம் கிழவிப் பேச்சு என்று நான் சிரித்தேன். அப்பாவிடம் சொல்லத் தோன்றவே இல்லை.

மதாம் திவேர்னே நாடகத்திலேயே வளர்ந்தவர். முதல் நாள் காலையில், அறைக்குள் நுழைந்ததும், அவர் பெயர் எழுதிய அட்டையோடு கார்னேஷன்! "யாரு இது? யாரு என்னைத் துரத்தப் பாக்கறது?" என்று கத்திய கத்தலில் தச்சர்கள் சுத்தியலைக் கீழே போட்டார்கள். என் அப்பா பூ வளர்க்கிறவர், ஒன்றும் தெரியாமல் அனுப்பிவிட்டார் என்று கெஞ்சினேன். "இவ இருக்கற செட்டுல நான் கால் வைக்கமாட்டேன்" என்று சொல்லிவிட்டார். மத்தியானம் என் உடுப்பை இன்னொருத்தி போட்டுக்கொண்டிருந்தாள்.

அழுதேன். பிறகு அந்தப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு மெட்ரோவில் வீட்டுக்கு வந்தேன். குப்பையில் போட மனசு வரவில்லை, அம்மா பெயராயிற்றே. இப்போது என் அறை முழுக்க அந்தப் பூவின் கிராம்பு வாசனை.

அப்பாவுக்குத் தெரியவே கூடாது.

உன் தங்கை,
லியோனி

*

ஆன்தீப், 1961 டிசம்பர் 3

அடி லியோனி,

நாங்கள் எல்லாரும் சுகம். சின்னவன் இருமலை விட்டுவிட்டு இப்போது விசில் அடிக்கப் பழகியிருக்கிறான். இருமலே தேவலை. நீ சாப்பிடாமல் கிடக்காதே.

உன் கடிதத்தைப் படித்துச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. அந்த மதாம் திவேர்னே என் கையில் கிடைத்தால் அவள் தலைமுடியில் ஒரு கூடை கார்னேஷன் செருகுவேன். உன் கடிதத்தை வைத்துக்கொண்டு அப்பா செய்கிற அட்டகாசம் தெரியுமா? "என் பூவைப் பார்த்து திவேர்னேக்கு வாயடைச்சுப் போச்சாம்!" என்று போகிற வருகிறவர்களை எல்லாம் நிறுத்திச் சொல்கிறார். தபால்காரருக்கே மனப்பாடம் ஆகிவிட்டது. நான் பக்கத்தில் நின்று தலையாட்டுகிறேன்.

சொல்ல எனக்கும் தைரியமில்லை. அம்மா பெயர் வைத்த பூ உன் பிழைப்பில் மண்ணைப் போட்டது என்று தெரிந்தால் அந்த மனுஷர் பாத்தியையே பிடுங்கி எறிந்துவிடுவார். ஆனால் எத்தனை பெட்டியைத்தான் ஒளித்து வைப்பாய்?

சீக்கிரம் ஒரு நல்ல வேஷம் பிடி. மனம் தளராதே.

அக்கா,
கிளோதில்ட்

*

பியோத், 1962 ஜனவரி 14

என் மகள் லியோனிக்கு,

நான் சுகம். உன் அக்கா தைலம் தடவுகிறேன் என்று முழங்காலை முறுக்கியதில் இப்போது மற்ற முழங்காலும் வலிக்கிறது. உனக்குச் சளி இல்லையே?

ஆலிவ் கேட்டிருந்தாய், அனுப்பியிருக்கிறேன். ஆனால் என் பூ வாடிவிடும் என்று எழுதினாயே, அதற்கு என்ன சொல்ல! கொள்முதல்காரன் எழுதட்டும், பர்த்தெலெமி எழுதட்டும், நீ எழுதலாமா? என் பூ ரயிலேறிக் கப்பலேறி லண்டன் போகிறது. அங்கே இறங்கும்போதும் கழுத்தை நிமிர்த்திக்கொண்டு நிற்கிறது. பாரிஸ் அவ்வளவு தூரம்கூடக் கிடையாது!

ஆலிவுக்கு அடியில் செலஸ்தீன் வைத்திருக்கிறேன். திறந்து பார், வாடியிருந்தால் நான் என் பெயரை மாற்றிக்கொள்கிறேன்.

பாகம் சுருங்கினால் என்ன? செடியைக் கிள்ளிவிட்டால்தானே அடுத்த மொட்டு பெரிதாக வரும். நீ ஜெயிப்பாய். நான் ஊர் முழுக்கச் சொல்லிவைத்திருக்கிறேன், மறந்துவிடாதே.

கம்பளி போட்டுக்கொள்.

அப்பா

*

பாரிஸ், 1962 பிப்ரவரி 11

அன்புள்ள அப்பாவுக்கு,

நான் மிகவும் நலம். இரண்டு முழங்காலையும் விசாரித்ததாகச் சொல்லவும்.

பூ வாடவில்லை. உங்கள் பெயர் உங்களிடமே இருக்கட்டும்.

நல்ல செய்தி. டெலிவிஷனில் என்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள். அங்கே நாடகத்தை ஸ்டூடியோவில் நடிக்க நடிக்க அப்படியே நாடு முழுக்க அனுப்புகிறார்கள். தப்புச் செய்தால் வெட்டி எடுக்க முடியாது, போனது போனதுதான். போன மாதம் ஒரு நர்ஸ் வேஷம், இந்த மாதம் ஒரு தந்திக் குமாஸ்தா. சின்ன வேஷம்தான், ஆனால் நிகழ்ச்சிப் பத்திரிகையில் பெயர் போட்டார்கள், வெட்டி அனுப்பியிருக்கிறேன். கடைசி வரியில் பாருங்கள். டைரக்டர் மிஸ்யே லான்தியே என்னிடம், "உனக்குப் பயமே கிடையாதா?" என்றார். "எங்கப்பாவோட கத்தலைக் கேட்டு வளர்ந்தவங்களுக்கு வேற எதுவும் பயமாத் தெரியாது, மிஸ்யே" என்றேன்.

ஸ்டூடியோ விலாசத்துக்கு மட்டும் எதுவும் அனுப்பாதீர்கள், அப்பா. வெளிப் பொட்டலங்களை உள்ளே விடமாட்டார்கள். என் அறைக்கே அனுப்புங்கள்.

உடம்பைக் கவனித்துக்கொள்ளுங்கள்.

உங்கள் லியோனி

*

ஆன்தீப், 1962 மார்ச் 25

லியோனி,

வீட்டில் எல்லாரும் சுகம். அப்பாவைப் பற்றி மட்டும் அப்படி எழுத முடியவில்லை. காய்ச்சலோ வலியோ இல்லை. அவருக்குத் தெரிந்துவிட்டது.

பாரிஸிலிருந்து ஒரு நாடகக் குழு நீஸுக்கு வந்திருந்தது. "லியோனிக்குத் தெரிஞ்சவங்களா இருப்பாங்க, ஒரு வணக்கம் சொல்லிட்டு வரலாம்" என்று ஞாயிற்றுக்கிழமைக் கோட்டை மாட்டிக்கொண்டு, கை நிறைய செலஸ்தீனோடு கிளம்பிவிட்டார். தடுக்கப் பார்த்தேன், கேட்கவில்லை. நானும் கூடவே போனேன். மேடை வாசலில் காவல்காரர் பூவைப் பார்த்ததும் இரண்டு கையையும் விரித்து வழியை மறித்தார். "ஐயா, ஐயா! அதை உள்ள கொண்டு வராதீங்க. இன்னிக்கு முதல் காட்சி." பிறகு பாவம், மரியாதையாகவே விஷயத்தை விளக்கினார்.

"பாரிஸ்லயும் இப்படித்தானா?" என்று கேட்டார் அப்பா.

"இந்த வழக்கமே பாரிஸ்லேர்ந்துதான் ஐயா இங்க வந்தது."

பஸ்ஸில் பூவை மடியில் வைத்துக்கொண்டு வந்தார். பாதி வழியில், "திவேர்னேக்கு ஏன் வாயடைச்சுதுன்னு இப்போ தெரியுது" என்றார். பிறகு, "உனக்குத் தெரியுமா, கிளோ?" என்றார். நான் ஜன்னலுக்கு வெளியே பார்த்தேன்.

அதிலிருந்து தித்தீன் கடைக்குப் போவதே இல்லை. உன் பெயர் வந்த அந்தப் பத்திரிகைத் துண்டைச் சட்டைப்பையில் வைத்திருக்கிறார், யாருக்கும் காட்டுவதில்லை. செலஸ்தீன் பாத்தியில் பூ பறிக்காமல் நிற்கிறது. நேற்று அப்பா பர்த்தெலெமி வீட்டு வாசலில் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றதைப் பார்த்தேன். எதற்கென்று தெரியவில்லை. அந்த இரண்டு பேரும் ஒருவர் வாசலை ஒருவர் மிதித்ததே கிடையாது.

நீ எழுது. நான் சொன்னால் கேட்கமாட்டார்.

கிளோ

*

பாரிஸ், 1962 ஏப்ரல் 10

என் அப்பாவுக்கு,

நான் நலம். நீங்கள் எப்படி இருக்கிறீர்கள் என்று கேட்டு நான் போட்ட கடிதங்களுக்குப் பதிலே இல்லை. பதிலுக்கு ரோஜா வந்தது. ஒரு பெட்டி நிறைய, உள்ளே துண்டுச் சீட்டுகூட இல்லாமல். கட்டின முடிச்சு உங்களுடையது, பூ பர்த்தெலெமியுடையது. அந்த மஞ்சள் ரோஜாவை அவரைத் தவிர யார் வளர்க்கிறார்கள்?

எனக்காக அந்த மனிதரிடம் போய்ப் பூக் கேட்டீர்களா, அப்பா? உங்கள் வாயால்? பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு தேம்பித் தேம்பி அழுதேன்.

இனி மறைக்க ஒன்றுமில்லை. ஆமாம், அந்தப் படம் போய்விட்டது. பூவால் போகவில்லை. பயந்தாங்கொள்ளி ஒருத்தியால் போனது. நான் மறைத்தது உங்களுக்கு வலிக்கக்கூடாது என்பதற்காகத்தான். பூவை நினைத்து நான் வெட்கப்பட்டதே இல்லை.

இப்போது கேளுங்கள். ஏப்ரல் 28, சனிக்கிழமை இரவு எட்டரை மணிக்கு டெலிவிஷனில் பெரிய நாடகம். ஒரு சத்திரத்தை விற்கமாட்டேன் என்று நிற்கிற பெண்ணின் கதை. அந்தப் பெண் நான்தான். முக்கிய வேஷம்! நன்றாகப் போனால் அடுத்து ஒரு தொடருக்கு ஒப்பந்தம் போடுவார்கள். சொதப்பினால் என்னை மறுபடி யாரும் கூப்பிடமாட்டார்கள்.

சத்திரத்து மேஜையில் ஒரு பூஜாடி இருக்கிறது. அதில் செலஸ்தீன்தான் இருக்கவேண்டும் என்று சொல்லிவிட்டேன். பெரிய ரகளை. கூட நடிப்பவர் மிஸ்யே ரெமோந், அரை ஆயுசை மேடையில் கழித்தவர், "இந்தப் பூவுக்கு முன்னாடி நின்னா எனக்கு வசனமே வராதும்மா" என்று புலம்பினார். கடைசியில் லான்தியே, "சரி, வெச்சுக்கோ. ஏதாவது ஆச்சுன்னா உன் தலைமேலதான்" என்றார். என் தலைமேலேயே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டேன்.

ரோஜா அனுப்பாதீர்கள், அப்பா. அம்மாவின் பூவை அனுப்புங்கள்.

உங்கள் லியோனி

*

பியோத், 1962 ஏப்ரல் 24

லியோனி,

சுகம்.

வேண்டாம் என்று எழுதத்தான் இத்தனை நாள் உட்கார்ந்து உட்கார்ந்து எழுந்தேன். ஒருமுறை உன் சோற்றைத் தட்டிவிட்ட பூ. மறுபடி அதையே கேட்கிறாய். உன் பிடிவாதம் உன் அம்மாவுடையது.

வியாழக்கிழமை ரயிலில் பெட்டி வரும். நானே விடிகாலையில் பறித்து நானே கட்டுகிறேன். எனக்குப் பயமாக இருக்கிறது, மகளே. கடைசி நேரத்தில் உனக்கும் பயம் வந்தால் தூக்கி எறிந்துவிடு. செலஸ்தீன் கோபித்துக்கொள்ளமாட்டாள், நானும் மாட்டேன்.

தொண்டையைப் பார்த்துக்கொள்.

அப்பா

*

ஆன்தீப், 1962 ஏப்ரல் 29

என் செல்லத் தங்கச்சிக்கு,

நாங்கள் சுகம், சுகம், பரம சுகம். உன் தொண்டை எப்படி இருக்கிறது? என் தொண்டை கத்திக் கத்திக் கட்டிப்போய்விட்டது.

தித்தீன் கடையில் நேற்று எள் விழ இடமில்லை. நாற்காலியைத் தலையில் தூக்கிக்கொண்டு வந்தார்கள். அப்பா வரவே மாட்டேன் என்று அடம்பிடித்தார், நானும் அத்தானும் ஆளுக்கொரு கையைப் பிடித்து இழுத்து வந்தோம். கடைசியில் கதவோரமாக நின்றுகொண்டார், ஓடிப்போக வசதியாக. பர்த்தெலெமி எழுந்து தன் நாற்காலியைக் கொடுத்தார். அப்பா உட்காரவில்லை.

டெலிவிஷனில் கொஞ்ச நேரம் வெறும் புள்ளி மழை. தித்தீன் அதன் தலையில் ஒரு குத்து விட்டதும் நீ வந்தாய். பின்னால் மேஜையில் ஜாடி, அதில் செலஸ்தீன்! கறுப்பு வெள்ளையிலும் அந்தக் கோடு பளிச்சென்று தெரிந்தது. "அண்ணே, உங்க பூ! உங்க பூ!" என்று கடையே எழுந்தது. அப்பாவின் முகம் வெளுத்துவிட்டது.

பிறகு சத்திரத்தை வாங்குகிறவராக அந்த ரெமோந் பத்திரத்தோடு வந்தார். உன்னைப் பார்த்தார், ஜாடியைப் பார்த்தார், வாய் திறந்தது, ஒரு வார்த்தையும் வரவில்லை. வசனம் மறந்துவிட்டார் என்று எங்களுக்கே புரிந்துவிட்டது. அப்பா சுவரைப் பிடித்துக்கொண்டு, "போச்சு, என் பூவால மறுபடியும் போச்சு" என்று முணுமுணுத்தார். நான் கேட்டேன், லியோனி. அவர் கை கதவில் இருந்தது.

அப்போதுதான் நீ நடந்து போய் ஜாடியிலிருந்து ஒரு பூவை எடுத்தாய். அவர் மூக்குக்கு நேரே நீட்டினாய். "இது எங்கப்பா வளர்த்த பூ, மிஸ்யே. லண்டன் வரைக்கும் போனாலும் கழுத்தை நிமிர்த்திக்கிட்டு நிக்கும். பக்கத்து ஊர்லேர்ந்து வந்த நீங்க ஏன் இப்படி வாடி நிக்கறீங்க? பத்திரத்தைப் பத்திப் பேசத்தானே வந்தீங்க? பேசுங்க!"

அந்த மனுஷருக்கு உயிர் வந்தது, பேசினார். என்ன பேசினார் என்று இங்கே ஒருத்தருக்கும் தெரியாது, அவ்வளவு கூச்சல். நீ சொன்னது எல்லாருமே அப்பா வாயால் ஆயிரம் தடவை கேட்ட வசனம் அல்லவா! "லண்டன்! லண்டன்!" என்று மேஜையைத் தட்டினார்கள். பர்த்தெலெமி அப்பாவைக் கட்டிக்கொண்டு, "டேய் ஒனோரே, உன் பெருமைப் பேச்சை பிரான்ஸ் முழுக்கக் கேக்க வெச்சுட்டாளேடா உன் பொண்ணு" என்றார். அப்பா அழுதார். எல்லாரும் பார்க்க, துடைத்துக்கொள்ளாமல் அழுதார். பிறகுதான் அந்த நாற்காலியில் உட்கார்ந்தார்.

எனக்கும் உன்னை நினைத்து நெஞ்சு விம்முகிறது.

கிளோ அக்கா

*

பாரிஸ், 1962 மே 12

அன்புள்ள அப்பாவுக்கு,

நான் நலம். தொண்டை, கழுத்து, சாப்பாடு எல்லாம் நலம். நீங்கள் மறுபடி தித்தீன் கடையில் கத்துகிறீர்கள் என்று அக்கா எழுதினாள், அதுவே எனக்கு மருந்து.

இன்று ஸ்டூடியோவுக்கு என் பெயருக்கு ஒரு பூச்செண்டு வந்தது. கார்னேஷன். எனக்கு உடுப்பு மாட்டிவிடும் அம்மாள் சிலுவை போட்டுக்கொண்டு, "ஐயோ பொண்ணே, உன்னை நிறுத்திட்டாங்களா?" என்று அழவே ஆரம்பித்துவிட்டாள். எனக்கும் பயம் வந்தது, பொய் சொல்லவில்லை.

செண்டுக்குள் தொடருக்கான ஒப்பந்தம் இருந்தது. முக்கிய வேஷம், அப்பா, என் பெயர் முதல் வரியில். லான்தியே ஒரு அட்டை வைத்திருந்தார்: "இந்த ஸ்டூடியோவில் இனி வேண்டியவர்களுக்குத்தான் இந்தப் பூ." சத்தமாகப் படித்துக் காட்டினேன். முதலில் கைதட்டியவர் மிஸ்யே ரெமோந்.

மதாம் திவேர்னேயிடமிருந்து ஒன்றும் இல்லை. பரவாயில்லை.

உங்கள் மகள்,
லியோனி

*

பியோத், 1962 மே 19

என் மகள், டெலிவிஷன் நடிகை லியோனிக்கு,

நான் சுகம். முழங்கால்கள் இரண்டும் உன் கடிதத்தைக் கேட்டுவிட்டுத் தபால் நிலையத்துக்கு என்னை ஓட்டிக்கொண்டு வந்தன.

முதல் வரியில் உன் பெயரா! தித்தீன் கடையில் வாசித்தேன், தேவாலயப் படியில் வாசித்தேன், உன் அம்மா கல்லறையில் உட்கார்ந்து மெதுவாக வாசித்தேன். அவளுக்குப் புதுக் கொத்து வைத்துவிட்டு வந்தேன்.

ஆனால் ஒரு விஷயத்தில் எனக்குக் கோபம், உன் டைரக்டரிடம் சொல். கார்னேஷன் அனுப்பினாரே, யார் தோட்டத்துப் பூ அது? ஏதாவது பாரிஸ் கடையில் வாளியில் நின்ற பூவாக இருக்கும். எப்போது பறித்தார்கள் என்று கடைக்காரனுக்கே தெரியாது. ஒனோரே மகளுக்கு ஊரான் பூவா? கேவலம்!

அதனால் ஒரு பெட்டி செலஸ்தீன் அனுப்பியிருக்கிறேன். உன் அறைக்கு அல்ல. நேரே ஸ்டூடியோ விலாசத்துக்கு, மேலே பெரிய எழுத்தில் என் பெயரைப் போட்டு. முதல் கொத்து மிஸ்யே லான்தியேக்கு, இரண்டாவது மிஸ்யே ரெமோந்துக்கு. இந்தத் தடவை உள்ளே விடுவார்கள் அல்லவா?

பெட்டியை ஸ்டேஷனுக்குத் தூக்கிக்கொண்டு வந்தது பர்த்தெலெமி. ஓரத்தில் தன் ரோஜாவிலும் ஒன்று வைக்கட்டுமா என்று கேட்டான். போனால் போகிறது, வை என்றேன்.

கழுத்தைச் சுற்றிக்கொள். அதை நிமிர்த்தியே வைத்துக்கொள்.

உன் அப்பா,
ஒனோரே